ஏழு பேர் பிடித்த கேமரா

ஏழு பெண்கள், மூன்று விளக்குகள், ஆளுயர ஏணி ஒன்று. இத்தனை பரிவாரமும் ஒரு வீட்டுச் சமையலறையில் முப்பத்தொரு நாள் கூடாரமடித்துப் படம் எடுத்திருக்கிறது. அந்த வீட்டுக்காரருக்கு மட்டும் இன்றைய தேதிவரை விஷயம் தெரியாதாம்.

படப் போட்டியின் நடுவர் குழு முன்னால் இப்படி அளந்துவிட்டு அலுங்காமல் உட்கார்ந்திருந்தாள் ஏணியக்கா. ஏணியைச் சுமந்த புண்ணியத்தில் தோழிகள் வைத்த பெயர் அது.

நடுவர்களில் ஒருவரான விமர்சகருக்குச் சிரிப்பு தாங்கவில்லை. நாற்பது வருடமாகப் படங்களைக் கிழித்துத் தோரணம் கட்டுகிறவர் அவர். இயக்குநர் என்று யாரும் கிடையாது, கேமராவை ஏழு பேரும் முறைபோட்டுப் பிடித்தார்கள், திரையில் ஒருத்தி பெயரும் வராது என்று கேள்விப்பட்டபோதே பேனாவைத் தீட்டிவிட்டார்.

"ஏழு பேர் சேர்ந்து தூக்கினா அதுக்குப் பேர் படம் இல்லம்மா, பல்லக்கு."

படத்தில் முகமே இல்லை. ஒரு ஜோடிக் கைகள் ஐம்பது நிமிடம் தேய்க்கின்றன, நறுக்குகின்றன, துடைக்கின்றன. அரங்கில் இரண்டு பெண்கள் மூக்கை உறிஞ்சியதை ஜலதோஷம் என்று குறித்துக்கொண்டார் விமர்சகர்.

போட்டியின் விதி ஒன்றே ஒன்றுதான்: நிஜ இடம், நிஜ வேலை. செட்டு போட்டது தெரிந்தால் படம் வெளியே. ஏழு பேரின் இரண்டு வருட உழைப்பும் அதோடு காலி.

விமர்சகர் அங்கேதான் பிடித்தார். "இது அப்பட்டமான செட்டு. ஜன்னலே இல்லாம சமையல்கட்டை எவன் கட்டுவான்? அதுக்குள்ள ஒரு மனுஷி எப்படி நிப்பா? அந்த வீட்டு ஆம்பளைக்குக் கண்ணு வேணாமா?"

"அவர் எழுதுறவர் சார். ஹாலை விட்டு எழுந்திருக்க மாட்டார்," என்றாள் ஏணியக்கா. ஒருநாள் விளக்கு விழுந்து நொறுங்கியபோதுகூட, காபி என்னாச்சு என்றுதான் குரல் வந்ததாம்.

"அப்படி ஒரு ஜடம் உலகத்துலயே கிடையாது. வீட்டைக் காட்டுங்க, நம்புறேன்."

ஏணியக்கா முகவரியைச் சீட்டில் எழுதி நீட்டினாள். விமர்சகர் படித்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு மறுபடியும் படித்தார். பிறகு மூலைக்குப் போய் மனைவிக்கு போன் போட்டு, தாழ்ந்த குரலில் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

திரும்பி வந்தவரை நடுவர் குழுத் தலைவி விடவில்லை. செட்டுதானே, படத்தைப் பட்டியலிலிருந்து அடித்துவிடலாமா என்று பேனாவும் கையுமாக நின்றாள்.

"வேணாங்க. நிஜமாவே நடந்திருக்கு. எங்க வீட்டு சமையல்கட்டுல ஜன்னலே கிடையாதாம்."