இருட்டில் வைத்த முகம்

படம் முடிந்து விளக்கைப் போட்டதும் ஒருவரும் கை தட்டவில்லை.

ஊர்ப் பொதுக்கூடம் நிறைந்திருந்தது. வெள்ளைத் திரைக்கு முன்னால் ரெமி சொவான் தனியாக நின்றார். அவர் எழுதி இயக்கிய ஐந்தாவது படம். ஐந்துமே போர்க்காலக் கதைகள்.

ஆனால் இந்த மலையூரில் நடந்ததை அவர் எடுத்தது இதுதான் முதல் தடவை. தலைமறைவாக இருந்த பள்ளி ஆசிரியரை ஜெர்மானியர்கள் இழுத்துவந்து தேவாலயச் சுவரோரம் சுட்ட கதை.

காட்டிக்கொடுத்தவனின் முகத்தை மட்டும் கடைசிவரை இருட்டிலேயே வைத்திருந்தார்.

முதலில் எழுந்தவன் ரொட்டிக்கடை ஓக்டாவ். அந்த ஆசிரியரிடம் எழுத்துக் கற்றவன்.

"பாரிஸ்லேர்ந்து வந்து எங்க பொணத்த வச்சுப் பொழைக்கிறீங்க முசியே. அதையாவது முழுசா செய்யலாம்ல? யாரு அந்த ஆளு?"

"எனக்குத் தெரியாது."

"அவன் தொப்பியக் கையில வச்சுக் கசக்குறது தெரியுது, உதடு நடுங்குறது தெரியுது. மூஞ்சி மட்டும் தெரியலயாக்கும்!"

கூடம் சிரித்தது. அது சிரிப்பே இல்லை. பின்னாலிருந்து யாரோ "பயந்தாங்கொள்ளி" என்றார்கள். சுருட்டிய சுவரொட்டி ஒன்று பறந்து வந்து ரெமியின் தோளில் பட்டு விழுந்தது.

ஓக்டாவ் நேராக முன்னால் வந்தான். ரெமியின் காலணியின் மேல் துப்பினான்.

ரெமி காலை நகர்த்தவில்லை.

"எழுந்திரும்மா, போலாம். இவன் வாயத் தொறக்க மாட்டான்."

முன்வரிசையில் இருந்த அவன் அம்மா செலெஸ்தின் மெல்ல எழுந்தாள். படம் ஓடிய நேரம் முழுக்க அவள் திரையைப் பார்க்கவேயில்லை. மகனின் கையைப் பிடித்து நடந்தவள், ரெமியைக் கடக்கும்போது நின்றாள். நிமிர்ந்து பார்த்தாள்.

ரெமி தலையை லேசாக அசைத்தார். சொல்ல மாட்டேன் என்று.

ஆசிரியர் பிடிபட்ட அன்று ஓக்டாவ் பக்கத்து ஊரில், சித்தி வீட்டில் இருந்தான். ரொட்டிக்கடைக்கு மேலே, மாவு மூட்டைகளுக்குப் பின்னால், நான்கு வயது யூதப் பிள்ளை ஒன்று ஒளிந்திருந்தது அவனுக்கும் தெரியாது, ஊருக்கும் தெரியாது.

சோதனைக்கு வந்த சிப்பாய்கள் மாடிப்படியில் கால் வைத்தார்கள். அவர்களைக் கீழேயே நிறுத்த, ஓக்டாவின் அப்பாவுக்குச் சொல்ல ஒரே ஒரு விஷயம்தான் இருந்தது. ஆசிரியர் எங்கே இருக்கிறார் என்பது.

மேலே செலெஸ்தின், ரெமியின் வாயை இறுகப் பொத்திக்கொண்டிருந்தாள்.