அட்மிரலின் குரல்

“கடலை வென்றவனிடம் மரணம்கூட அனுமதி கேட்டுத்தான் நெருங்கும்!”

இப்படி முழங்கியவர் அட்மிரல் கிருஷ். முழங்கிய இடம் போர்ட் பிளேர் டெய்ரி ஃபார்ம் பகுதியில் ஒரு வாடகை வீட்டு ஹால். மேலே தோளில் பட்டை வைத்த வெள்ளைச் சட்டை, கீழே லுங்கி.

நேரலையில் அவர் முகத்தைக் காட்டுவதில்லை. திரையில் கப்பல் சண்டை ஓடும், பின்னணியில் வர்ணனை. வீரனுக்குக் குரல் போதும் என்பது அவர் கொள்கை.

முழுப்பெயர் கிருஷ்ணமூர்த்தி. இன்று காலை வரை ஃபீனிக்ஸ் பே படகுத்துறையில் கப்பல் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்த ஒப்பந்த ஊழியர். மைத்துனி வீட்டுக்கு மாயாபந்தர் போவதென்றால் பஸ்தான். “இந்தச் சின்னக் கப்பல்ல எல்லாம் அட்மிரல் ஏறுறது மரியாதையா?” என்பார்.

“ஏ மங்கை! சமையல்கட்டுக் கதவைச் சாத்து. உன் கரண்டிச் சத்தமும் தமிழரசிகிட்ட நீ அளக்குற கதையும் லைவ்ல விழுந்தா என் மானம் போயிடும்.”

“சாத்திட்டேங்க” என்றாள் மனைவி மங்கையர்க்கரசி. மாயாபந்தரில் இருக்கும் தங்கை தமிழரசியோடு தினமும் மாலையில் ஃபோனில் பேசுவது அவள் வழக்கம். கதவைச் சாத்திவிட்டால் இன்னும் தாராளமாகப் பேசலாம்.

மழைக்காலம் தொடங்கியதிலிருந்து நெட் சிக்னல் சமையல்கட்டு ஜன்னலோடு நின்றுவிடுகிறது. அதனால் லேப்டாப் அடுப்பு மேடைக்குக் குடிபெயர்ந்துவிட்டது. ஹாலில் இருந்த கேம் பெட்டியிலிருந்து ஒரு நீள ஒயர் கதவிடுக்கில் நுழைந்து, தீப்பெட்டி அளவு கேப்ச்சர் கார்டு வழியாக லேப்டாப்பைச் சேரும். கேமின் படமும் சத்தமும் அங்கிருந்து உலகத்துக்குப் போகும்.

தலையில் மாட்டிய மைக்கை மட்டும் கையிலிருந்த கன்ட்ரோலரில் செருகியிருந்தார். பெரிய ஆட்டக்காரர்கள் அப்படித்தான் செருகுவார்கள் என்று எங்கோ பார்த்திருக்கிறார்.

லேப்டாப் இடம் மாறிய பிறகுதான் சேனலில் கூட்டம் சேர்ந்தது. அதற்கு முன் பார்த்தவர்கள் மூன்று பேர். அதில் ஒருவர் அவரே. “சிக்னல் நல்லாருக்கு, குரல் தெளிவாப் போகுது” என்று காரணம் சொன்னார். தன் நிகழ்ச்சியைத் தானே கேட்கும் பழக்கம் அவரிடம் இல்லை. சிங்கம் தன் கர்ஜனையைத் திரும்பப் போட்டுக் கேட்குமா?

ஃபோனில் சத்தத்தை அணைத்துவிட்டு, வந்து விழும் கருத்துகளை மட்டும் படித்தார்.

‘குரல் அருமை.’ அட்மிரல் தலையசைத்து ஏற்றுக்கொண்டார்.

‘சிரிச்சு சிரிச்சு வயிறு வலிக்குது.’

“எதிரிக் கப்பல் மூழ்கும்போது அழவா முடியும்?” என்றார்.

‘பயங்கரமா பசிக்குது.’

“வெற்றிப் பசி!” என்று முழங்கினார்.

அந்தக் குரலைத்தான் சென்னையில் ஒரு விளம்பரக் கம்பெனி ஒப்பந்தம் செய்யப் போகிறது. இன்றைய நேரலை முடிந்ததும் பேசுவதாகச் சொல்லியிருந்தார்கள். அந்தத் தெம்பில்தான் காலையில் ஆபீஸில் தலைமை குமாஸ்தாவின் மேஜையைத் தட்டி, “அரே படா பாபு, ஆப்கா கவுண்டர் ஆப் ஹீ சம்பாலோ!” என்று, அவர் கவுண்டரை அவரே பார்த்துக்கொள்ளச் சொல்லி, வேலையை வீசிவிட்டு வந்திருந்தார்.

“அவங்க கையெழுத்துப் போட்டப்புறம் விட்டிருக்கலாமேங்க. வீட்டு வாடகைக்கு என்ன பண்றது?” என்று மதியமே கேட்டாள் மங்கையர்க்கரசி.

“குரலோட மதிப்பு உனக்கென்னடி தெரியும்? நீ பேசி நாலு பேர் கேட்டிருக்காங்களா?”

அவள் மீன் கழுவப் போய்விட்டாள்.

ஆட்டம் முடிந்தது. ஃபோன் அடித்தது. சென்னை!

அட்மிரல் சட்டையை நீவிக்கொண்டார். மனைவியை ஹாலுக்கு அழைத்து, அவளும் கேட்கட்டும் என்று ஸ்பீக்கரில் போட்டார். அவள் கரண்டியோடு வந்து நின்றாள்.

“வணக்கம் சார், கார்த்திகா பேசறேன். எங்க டைரக்டர் இன்னிக்கும் முழுசாக் கேட்டாரு. அந்தக் குரல்தான் வேணும்னு ஒத்தக் கால்ல நிக்கிறாரு.”

அட்மிரல் மனைவியைப் பார்த்துப் புருவத்தை உயர்த்தினார். “சொல்லுங்க மேடம். படம் எதைப் பத்தி? போரா, புயலா?”

“மீன் மசாலா சார்.”

அட்மிரல் சட்டைக் காலரைச் சரிசெய்தார். “பரவாயில்ல, மசாலாவுக்கும் வீரம் வேணும். நான் எப்ப கிளம்பி வரணும்?”

“நீங்க எதுக்கு சார்?”

அட்மிரல் ஸ்பீக்கரின் சத்தத்தைக் கூட்டினார்.

“உங்க சேனல்ல கேம் சத்தம் வருது. கூடவே ஒரு அக்கா பேசுறாங்க. மீன் வறுத்துக்கிட்டே வீட்டுக்காரரைப் பத்தி தங்கச்சிகிட்ட சொல்வாங்களே, அவங்க குரல்தான் வேணும். வேற குரல் எதுவும் வர்றதில்லையே சார்?”

“ஐயய்யோ” என்றாள் மங்கையர்க்கரசி. “அதெல்லாமா போச்சு?”

“அவங்கதான்! அதே குரல்!” என்று கூவினாள் கார்த்திகா. “அக்கா, நாங்க எல்லாரும் உங்க ஃபேன்!”

அட்மிரல் தலையிலிருந்த மைக்கைக் கழற்றினார். அதன் நுனி கன்ட்ரோலரில் பத்திரமாக இருந்தது; அதில் பேசியது எதுவும் லேப்டாப்புக்குப் போகும் ஒயரில் ஏறவே இல்லை. சமையல்கட்டில், எண்ணெய் தெறித்த லேப்டாப், தன் சொந்த மைக்கைத் திறந்து வைத்துக்கொண்டு, அடுப்பைப் பார்த்தபடி இருந்தது.

“நான்... அட்மிரல் கிருஷ்” என்றார், குரலே எழாமல்.

“ஓ! அக்கா சொன்னாங்களே, ஹேவ்லாக் தீவுக்குப் போற கப்பல்ல வாந்தி பக்கெட்டைக் கட்டிப்பிடிச்சு அழுதவர் நீங்கதானா சார்?”