வைத்தியர் கல்லறையில் மெழுகுவத்தி

ஜப்பான்காரன் வந்ததிலிருந்து மலாயாவின் மூவார் ஊரில் மெழுகுவத்தி கிடைப்பதில்லை. ஆனாலும் கல்லறைத் திருநாளில் வைத்தியர் சவரிமுத்துவுக்கு மட்டும் யாரோ ஏற்றிய ஒன்று எரிகிறது. ஐம்பது வருடத்துக்கு முன்பு, எழுபது வயதில் இறந்த பெரிய பண்டிதர் அவர். தகப்பன் யாரென்று ஊரில் ஒருவருக்கும் தெரியாது. அநாதை மடத்தில் வளர்ந்த எனக்கு அதைக் கண்டுபிடிக்கும் வெறி. நாளை என்னைச் சயாம் ரயில்பாதை வேலைக்கு ஏற்றிவிடுகிறார்கள். இன்றைய திருநாளை விட்டால் ஏற்றுகிறவரைப் பிடித்துக் கேட்க முடியாது என்று மத்தியானமே போய்க் கல்லறையருகில் காத்திருந்தேன்.

முப்பது வயதிருக்கும் ஒருவர் வந்து மெழுகுவத்தி ஏற்றினார்.

"வைத்தியருக்கு நீங்க என்ன வேணும்?"

"அவனைப் பெத்த அப்பா."

அந்த முப்பது வயது முகத்தை மறுபடி பார்த்தேன். அவர் இன்னொன்றை ஏற்றி என் காலடி மண்ணில் நட்டார்.

"இது யாருக்கு?"

"சின்னவனுக்கு. சயாமுல கல்லறையெல்லாம் கட்ட மாட்டாங்கப்பா."