கோப்புக்கு ஒரு முகம்

இராணுவம் ஜீப்பில் ஏற்றிக்கொண்டு போனபோது குகதாசனுக்குப் பத்தொன்பது வயது. அந்த வயதில் எடுத்த படத்தை, பிரதேச செயலகத்தில் காணாமற்போனோர் கோப்புகளைப் பார்க்கும் அதிகாரி மேசைக்குக் குறுக்கே அவன் தாய் தவமலரிடம் தள்ளினார். "இருபத்தொரு வருசமாப் போச்சு அம்மா. இந்த முகம் இனி உலகத்திலயே இராது. இதை வச்சுத் தேடேலாது. மரணச் சான்றிதழுக்குக் கையெழுத்து வச்சிட்டுப் போங்கோ."

"உயிரோட கொண்டுபோன பிள்ளைக்கு நான் சாவு எழுத மாட்டன்."

படத்தில் அவன் இடக் கன்னத்தில் குழி விழச் சிரித்துக்கொண்டிருந்தான். அது அவளிடமிருந்து அவனுக்குப் போன குழி. அவள் கன்னத்தில் இப்போது அந்த இடத்தில், கண்ணோரத்திலிருந்து தாடைவரை ஒரு நீண்ட சுருக்கக் கோடு இறங்கியிருந்தது.

"உங்களுக்கு முகம்தானே வேணும்?" அவள் எழுந்துபோய், அடையாள அட்டைக்குப் படம் எடுக்கும் கதிரையில் உட்கார்ந்தாள். "என்னை எடுத்து அந்தக் கோப்பில ஒட்டுங்கோ. அவன் என்னை உரிச்சுப் படைச்சவன்."

கமராவின் பின்னால் நின்ற பெண் திகைத்து அதிகாரியைப் பார்த்தாள். அவர் எரிச்சலோடு சொன்னார்: "அவனுக்கு இப்ப நாப்பதுதானே அம்மா. உங்களுக்கு அறுபத்தஞ்சு."

"நீங்கள் தேடுற வேகத்துக்கு, ஆள் கிடைக்கேக்கை இந்த முகமாத்தான் இருக்கும்."

அந்தப் பெண் மெதுவாகக் கமராவைத் திருப்பினாள். "நேர பாருங்கோ அம்மா. சிரிக்கக் கூடாது."

தவமலர் பல்லைக் கடித்துக்கொண்டு சிரித்தாள். கோட்டின் நடுவில் குழி விழுந்தது.

"இப்ப எடு பிள்ளை."