சிவப்பு வட்டம்

“ரெண்டு பக்கமும் பச்சை, பட்டுப் புடவைக் கரை. நடுவுல வெள்ளை, புடவை உடம்பு. அதெல்லாம் புரியுது தம்பி. அந்தச் செவப்பு வட்டம் இன்னா?” நகராட்சித் தலைவர் அம்மா மைக்கை ஹேமநாத்திடம் நீட்டினார்.

“சூரியன்னு மட்டும் சொல்லிடாதபா, பாதிக் கூட்டம் எழுந்து பூடும்” என்றது பின்வரிசையிலிருந்து ஒரு குரல். மண்டபம் சிரித்தது.

ஹேமநாத் சிரிக்கவில்லை. “சாயங்க. நம்ம ஆரணிப் பட்டுச் சாயம்.” அது பொய் இல்லை. “அதான் நடுவுல வெச்சேன்.” இது பொய்.

“ஓரத்துல ஒரு பிசிறு இல்ல பாரேன்!” என்று தலைவர் அம்மா அவன் வரைந்த தாளைத் தூக்கிக் காட்டினார். “இந்த வட்டம் இல்லேன்னா வெறும் துண்டு. இது இருக்கறதாலதான் நம்ம ஊருக் கொடி.” சால்வை போர்த்தினார்கள்.

அவன் வரைந்ததில் வட்டமே கிடையாது. கொடிப் போட்டியின் கடைசி நாள் காலை, செய்யாறு கம்பெனியில் நைட் ஷிப்ட் முடித்து வீடு திரும்பினான். தாளின் நட்டநடுவில் சிவப்பாக வட்டம். பக்கத்தில் அவன் மனைவி சுபத்ரா சாயம் கலக்கும் டம்ளர்.

“கண்ணு எங்க இருக்குது உனுக்கு? டம்ளர வெக்க வேற எடமே கெடைக்கலியா?” என்று கத்தினான். அவள் கேட்டது ஒன்றே ஒன்றுதான். “நல்லா இல்லீங்களா?”

நக்கல் செய்கிறாள் என்று நினைத்தான். மறுபடி வரைய நேரமில்லை. கறையோடு கொண்டுபோய்க் கொடுத்துவிட்டு வந்து, அவளோடு பேசாமல் இருந்தான். கோபம் தணியுமுன் அவளுக்குக் காய்ச்சல் வந்தது. காய்ச்சல் தணியவே இல்லை.

மண்டப வாசலில் கொடி ஏறியது. எல்லாரும் அண்ணாந்து பார்த்தார்கள். அவன் மட்டும் தரையைப் பார்த்தான். கை தவறி அவள் வைத்த டம்ளருக்கு, அவன் தோளில் சால்வை.

“மேடையில அக்கா பேர ஏன் மாமா சொல்லல?”

சுபத்ராவின் தங்கை கீதா. காரியத்துக்குப் பிறகு சந்தவாசலிலிருந்து இன்றுதான் வந்திருந்தாள்.

“சொல்ற மாதிரி இல்ல கீதா.”

“நல்லா இருக்குதே! அன்னிக்கி ராத்திரி நானும் அக்காகூடத்தான இருந்தேன்? ‘வெறும் துண்டு மாதிரி இருக்குதுடி’ன்னு சொல்லிகினே டம்ளர கவுத்துப் போட்டா, சுத்திக் கோடு இழுத்தா. அப்புறம் ஒக்காந்துகினு உள்ள ரொப்பினா பாருங்க, மூச்சுகூட வுடல. ‘அவரு வந்து பாத்தா அசந்துடுவாரு’ன்னா.”

கீதா கண்ணைத் துடைத்துக்கொண்டு சிரித்தாள்.

“நான்தான் மொத பஸ்ஸுக்கே கெளம்பிட்டேன். பாத்துட்டு நீங்க இன்னா மாமா சொன்னீங்க?”