மூடியாச்சு

அவர் செருப்பைக் கழற்றி ஓரமாக விட்டார்.

காலுக்குக் கீழே சிவப்பு ரப்பர் விரிப்பு. புத்தம் புதிது. காலை வெயிலிலேயே அதன் வாடை மூக்கில் ஏறியது.

ஒரு பக்கம் ஊஞ்சல், ஒரு பக்கம் சறுக்குமரம். நடுவில் ஒன்றுமில்லாத ஒரு வட்டம். பிள்ளைகள் ஓடியாடுவதற்காக விட்ட இடமாம்.

அந்த வட்டத்துக்கு அடியில்தான் கிணறு இருக்கிறது.

கோயம்புத்தூரில் இது தெரிந்தவர்கள் இரண்டே பேர். அவரும் அவர் மனைவி மயிலாத்தாவும். அன்றைக்குக் கூட நின்று கல் தூக்கியவன் செத்துப் பத்து வருடம் ஆகிறது.

முதலில் அது தோட்டத்துக் கிணறு. தோட்டம் சைட்டாகி, சைட்டெல்லாம் வீடாகி, மிஞ்சிய முக்கோணத் துண்டுக்கு வேலி போட்டுப் பூங்கா என்றார்கள். ரேடியோ அறை கட்டினார்கள். மாலைச் செய்திக்குக் கூட்டம் கூடும். அந்தக் கிணற்றுத் தண்ணீரில்தான் செம்பருத்தி பூத்தது.

ஒருநாள் கன்றுக்குட்டி ஒன்று உள்ளே விழுந்து செத்தது. கிணற்றைத் தூர்த்துவிடு என்று மாநகராட்சியிலிருந்து உத்தரவு வந்தது. பூங்காவுக்குத் தோட்டக்காரர் அவர்தானே.

மயிலாத்தாவுக்கு அப்போது ஏழாம் மாதம். அதற்கு முன் இரண்டு கலைந்திருந்தன.

“வயித்துல புள்ள இருக்கறப்ப கெணத்தத் தூத்துவாங்களா? உங்களக் கும்புட்டுக் கேட்டுக்கறனுங்க” என்றாள்.

அவர் தூர்க்கவில்லை.

வாயின் குறுக்கே பழைய தண்டவாளத் துண்டுகள். மேலே கடப்பாக் கல். அதன் மேல் ஒரு முழம் மண். கிணறு மூச்சுவிட வேண்டும் என்பதற்காக ஒரு இரும்புக் குழாயையும் செருகி வைத்தார். பிறகு அலுவலகத்துக்குப் போய், ‘கிணறு மண்ணிட்டு மூடப்பட்டது’ என்று எழுதியிருந்த தாளில் கையெழுத்துப் போட்டார்.

பையன் பிறந்தான். திருப்பூரில் நல்லபடியாக இருக்கிறான். முப்பத்தொரு வருடமாக அந்த இடத்தில் யாரையும் உட்கார விடாமல் அரளிச்செடி வைத்துப் பார்த்துக்கொண்டார். செய்தது சரி என்றுதான் நினைத்திருந்தார்.

போன ஆவணியில் பூங்காவைப் புதுப்பிக்க வரைபடத்தோடு வந்தார்கள். அரளியைப் பிடுங்கினார்கள். குழாயைத் தரையோடு அறுத்தார்கள். எம்-சாண்ட் கொட்டினார்கள். மூன்றாம் நாள் நடுவில் ஒரு சாண் இறங்கியிருந்தது. புது மண் அப்படித்தான் இறங்கும் என்று சொல்லி இன்னும் இரண்டு லோடு கொட்டி, மேலே நாலு அங்குலம் கான்கிரீட் போட்டார்கள்.

அவருக்குச் சோறு இறங்கவில்லை.

போன வாரம் பொறியாளர் சுகந்தி மேடத்தின் முன்னால் போய் நின்றார்.

“இங்க ஒரு கெணறு இருந்துச்சுங்க, மேடம்.”

மேடம் ஃபைலைப் புரட்டினார்.

“அதான் தொண்ணூத்தி நாலுலயே மூடியாச்சேங்க. நீங்கதான கையெழுத்துப் போட்டிருக்கீங்க?”

பக்கத்தில் நின்ற காண்ட்ராக்டர் சிரித்தார். அவரும் சிரித்து வைத்தார்.

மூடலைங்க என்று ஒரு வார்த்தை. அது வரவில்லை. ஓய்வுபெற நாலு மாதம் இருக்கிறது. பயம்தான், வேறென்ன. வெட்கமும்தான்.

இன்றைக்குத் திறப்பு விழா.

வாசலில் பேண்டு செட். ரிப்பனுக்குப் பின்னால் பக்கத்துப் பால்வாடிப் பிள்ளைகள் இருபத்திரண்டு பேர், மஞ்சள் உடுப்பில், ஒருவர் தோளை ஒருவர் பிடித்து ரயில் மாதிரி நின்றார்கள். ரிப்பன் வெட்ட வேண்டிய மண்டலத் தலைவர் வரத் தாமதம். மேடமும் காண்ட்ராக்டரும் ரிப்பன் ஓரமாகக் காத்து நின்றார்கள்.

அவர் வட்டத்தின் நடுவுக்கு நடந்தார். அவர் எடை எழுபது கிலோ. ஐந்து பிள்ளைகள் எடைக்கு வரும். விழுவதானால் இப்போதே விழட்டும், தன்னோடு போகட்டும் என்று கணக்குப் போட்டிருந்தார்.

குதித்தார்.

ஒன்றும் ஆகவில்லை.

வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு மறுபடி குதித்தார். ரிப்பனுக்கு அந்தப் பக்கம் யாரோ விசிலடித்தார்கள். பெரியவருக்கு வந்த குஷியைப் பாருடா என்றார் காண்ட்ராக்டர்.

மூன்றாவது முறை குதித்தபோது, கீழே வெகு ஆழத்தில் ஏதோ தண்ணீரில் விழுந்தது.

உள்ளங்காலில்தான் அது கேட்டது. அவர் அப்படியே நின்றார்.

“மேடம்! மூடலைங்க! நான் மூடவே இல்லைங்க!”

வந்துவிட்டது. முப்பத்தொரு வருடம் வராத வார்த்தை, தொண்டை கிழிய வந்துவிட்டது.

அந்த நேரம் பார்த்துத் தலைவரின் கார் வந்து நின்றது. பேண்டு செட் முழங்கியது. மேடம் வாசலைப் பார்த்து ஓடினார்.

அவர் இரண்டு கைகளையும் தலைக்கு மேலே தூக்கி ஆட்டினார்.

பிள்ளைகளுக்கு அது கூப்பிடுவது போலத்தான் இருந்தது.

முதலில் ஒரு குட்டிப் பெண் ரிப்பனுக்கு அடியில் புகுந்து வந்தாள். பின்னாலேயே ரயில் மொத்தமும் வந்தது. ஒருத்தியைத் தூக்கி வெளியே விட்டால் இருவர் உள்ளே வந்தார்கள். வேட்டியைப் பிடித்துக்கொண்டு, தாத்தா குதிங்க, தாத்தா குதிங்க என்று கத்தினார்கள்.

பால்வாடி டீச்சருக்கு ஒரே சந்தோஷம். எல்லாரும் சேர்ந்து குதித்தால் தலைவர் பார்ப்பாரே. கையைத் தட்டினார்.

“எல்லாரும் ஒண்ணா... ஒண்ணு... ரெண்டு...”