தாழ்வாசல்

ஞாயிறுதோறும் பழைய நகரத்துத் தெருக்களில் ஆட்களைக் கால்நடையாகக் கூட்டிப்போய்ச் சரித்திரம் சொல்கிற சவரியப்பன், அந்த முனை வந்ததும் வழக்கம்போல் கையை உயர்த்தி, “தலையக் குனிஞ்சு வாங்க, இடிச்சுக்கப் போறீங்க” என்றார். சொன்ன பிறகுதான் நினைவு வந்தது. கோட்டையின் தாழ்வாசலைச் சாலை அகலப்படுத்துவதற்காகப் போன வாரம் இடித்துத் தள்ளிவிட்டார்கள். அங்கே இப்போது வெயிலைத் தவிர ஒன்றுமில்லை. ஆனால் வந்தவர்கள் அவர் பேச்சைத் தட்டாமல் குனிந்துவிட்டார்கள். ஒருவர் தொப்பியைக் கழற்றிக்கொண்டார். தோளில் பிள்ளையைத் தூக்கி வந்தவர் அதை இறக்கி மார்போடு அணைத்துக்கொண்டார். எதிரே வந்த மீன்காரி அவர்களைப் பார்த்துச் சிரிக்கவில்லை. தலைக்கூடையை இறக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு, அவளும் குனிந்தே கடந்து போனாள். மன்னிப்புக் கேட்க வாயெடுத்த சவரியப்பன், உயர்த்திய கையை இறக்கிக்கொண்டார். தாமும் தலையைத் தாழ்த்தினார். எத்தனையோ வருஷமாகப் பழகிய அந்தக் கல்லின் குளிர்ச்சி பிடரியில் பட்டது. “நிமிரலாமா சார்?” என்று தரையைப் பார்த்தபடியே ஒரு பெண் கேட்டாள். “இருங்கம்மா, இன்னும் வாசலத் தாண்டல” என்றார்.